ஊசிக்கல் தோட்டத்துச் செர்பியத் துரை

கினிகத்தேனைக்கு ஒரு மைல் இருக்கும்போது பஸ் நின்றுவிட்டது. டிரைவர் இறங்கிப் போய் முன்மூடியைத் திறந்ததும், உள்ளேயிருந்து இட்லிப் பானை ஆவி மாதிரி குப்பென்று வந்தது. பிரயாணிகள் யாரும் பதறவில்லை. தினசரி நடக்கிற விஷயம் போலும். ஆளுக்கொரு மூட்டையை எடுத்துக்கொண்டு நடக்க ஆரம்பித்துவிட்டார்கள். சென்னையில் பஸ் நின்றால் முதலில் சண்டை நடக்கும், அப்புறம்தான் நடை. இங்கே நேராக நடைதான். நானும் பெட்டியைத் தூக்கிக்கொண்டு நடந்தேன்.

ஊருக்குள் ஒரு சிங்களவர் கடையில் ஆப்பமும் தேங்காய்ச் சம்பலும் சாப்பிட்டேன். ஆறு ஆப்பம் வரை எண்ணினேன். பிறகு எண்ணுவது அநாகரிகம் என்று விட்டுவிட்டேன். காப்பி கேட்டதும் முதலாளி என்னைக் கவலையோடு பார்த்து ஏதோ சொன்னார். பஸ் கண்டக்டர் எனக்காகத் தமிழில் சொன்னார்: "ஒடம்புக்கு முடியலியான்னு கேக்குறாருங்க. இங்க தடுமன் புடிச்சாத்தான் காப்பி குடிப்பாங்க." உடம்பு நன்றாகத்தான் இருக்கிறது, நாக்குக்குத்தான் முடியவில்லை என்று சொல்லச் சொன்னேன். தேநீர்தான் வந்தது.

நான் போன காரியம் இதுதான். யூகோஸ்லாவியாவில் செர்பியா என்று ஒரு பகுதி. அங்கே ராதோமிர் என்று பெரிய நடிகர். அவர் இலங்கையில் ஒரு தேயிலைத் தோட்டத்தில் படம் எடுக்க வந்திருக்கிறார் என்று எங்கள் பத்திரிகை ஆசிரியர் காதுக்கு எட்டியது. "போய் அவர் வாழ்க்கை வரலாற்றை வாங்கிக்கொண்டு வா" என்றார். செர்பியா எங்கே இருக்கிறது என்று கேட்டேன். "அதையும் அவரிடமே கேட்டுக்கொள்" என்றார். எங்கள் அலுவலகத்தில் என் ஒருவனிடம்தான் பாஸ்போர்ட் இருந்தது. மற்றபடி எனக்கு எந்தத் தகுதியும் இல்லை.

தலவாக்கலையிலிருந்து படக் கம்பெனி லாரியில் ஏறி, விளக்குக் கம்பங்களுக்கு நடுவே உட்கார்ந்து, ஊசிக்கல் தோட்டத்துக்குப் போய்ச் சேர்ந்தபோது பொழுது சாய்ந்துவிட்டது. லாரி ஏறி இறங்குகிற அடுத்த பாறையே கடைசிப் பாறையாக இருக்கவேண்டும் என்று வழி நெடுகப் பிள்ளையாருக்கு வேண்டிக்கொண்டே வந்தேன்.

விருந்தினர் பங்களாவின் பின்கட்டில், சமையற்காரருக்கு எதிரே ஒரு முக்காலியில் உட்கார்ந்து ஒருவர் ரொட்டி தின்றுகொண்டிருந்தார். ஐம்பது வயதிருக்கும். நல்ல உயரம், தொங்கு மீசை, உழைத்துக் காய்ப்பேறிய பெரிய கைகள். ஒரு கையில் கனத்த தோட்டத்து ரொட்டி, மறு கையில் பச்சை மிளகாய். ஒரு கடி ரொட்டி, ஒரு கடி மிளகாய். கண்ணில் நீர் வழிகிறது, முகத்தில் ஆனந்தம் வழிகிறது. அவர்தான் ராதோமிர்.

"எங்கள் ஊரில் இலையுதிர் காலத்தில் வீட்டுச் சுவர் முழுக்க மிளகாய்ச் சரம் தொங்கும். வெள்ளைக்காரன் காரம் தின்னமாட்டான் என்று இவர் எனக்கு முட்டை அவித்துத் தருகிறார். மூன்று நாளாகப் போராடி இன்றைக்குத்தான் ஜெயித்தேன்" என்றார்.

அவருடைய ஆங்கிலம் அரை, என்னுடையது அரை. இரண்டும் சேர்ந்து ஒரு முழு ஆங்கிலமாயிற்று. நான்கு நாள் அதை வைத்துத்தான் காலம் தள்ளினோம்.

மறுநாள் வெள்ளிக்கிழமை. படத்தில் அவருக்கு வெள்ளைக்காரத் தோட்டத் துரை வேஷம். காக்கி அரைக்கால் சட்டை, முழங்கால் வரை காலுறை, தொப்பி, கையில் பிரம்பு. எல்லாம் கம்பெனி கொடுத்தது. சப்பாத்து மட்டும் அவரே தேடிப் பிடித்தது. தோட்டத்து நிஜத் துரையிடம் போய், தேய்ந்துபோன பழைய ஜோடி ஒன்றைக் கடனாகக் கேட்டு வாங்கியிருந்தார். மூக்கில் தையல் போட்ட பழுப்பு நிறச் சப்பாத்து, குதிகாலில் இரும்பு லாடம். நடந்தால் கல்லில் டக்கு டக்கென்று கேட்கும்.

"புதுச் சப்பாத்துப் போட்டால் நான் துரை வேஷம் போட்ட நடிகன். அந்த மனிதன் பத்து வருஷம் நடந்த சப்பாத்தைப் போட்டால் அவன் நடை தானாக வந்துவிடும். நான் செருப்புத் தைப்பவன் மகன். காலிலிருந்துதான் எனக்கு மனிதன் தெரிவான்" என்றார்.

மேகம் விலகக் காத்திருந்த நேரமெல்லாம் அவர் கதை கேட்டேன். மொரவா ஆற்றங்கரையில் ஒரு சின்ன ஊர். அப்பாவுக்குச் சப்பாத்துத் தைக்கிற தொழில். பன்னிரண்டு வயதில் பள்ளிக்கூட நாடகத்தில் ராதோமிருக்கு நீதிபதி வேஷம் கிடைத்தது. அந்த ஊர் நீதிபதியின் சப்பாத்து அடித்தோல் மாற்றுவதற்காகக் கடையில் கிடந்தது. அதை மாட்டிக்கொண்டு மேடை ஏறிவிட்டார். முன்வரிசையில் உட்கார்ந்து கை தட்டிய நீதிபதி, பாதி நாடகத்தில் தன் சப்பாத்தைக் கண்டுகொண்டார். "ஊரே கை தட்டியது. வீட்டில் அப்பா தோல்வாரால் தட்டினார். இரண்டும் ஒரே நாளில் கிடைத்ததால் நடிப்பை விடவும் முடியவில்லை, மறக்கவும் முடியவில்லை."

யுத்தம் வந்தது. காட்டுக்குள் இருந்த போராளிகளோடு சேர்ந்து, வண்டியின் பின்பலகையைத் திறந்து மேடையாக்கி நாடகம் போட்டார். சமாதானம் வந்த பிறகு பெல்கிரேடில் சினிமா. ரயில் காவலாளி, பாதிரியார், குடிகாரர், தளபதி என்று வரிசையாக வேஷங்கள். ஒரு படத்தில் ஊரைக் காட்டிக்கொடுக்கிற துரோகியாக வந்தார். அதற்குப் பரிசும் கிடைத்தது; அதோடு அவர் வீட்டுத் தெருவில் மிளகாய் விற்கிற அம்மாள் ஒரு வருஷம் அவருக்கு மிளகாய் விற்கவில்லை. "உன் கையால் தருகிற காசு வேண்டாம் என்று சொல்லிவிட்டாள். நடிப்பு என்று எவ்வளவோ சொன்னேன். நடிப்பில் செய்கிறவன் நிஜத்திலும் செய்வான் என்றாள்." எங்கள் பக்கமும் வில்லன் நடிகர்கள் கலியாண வீட்டுக்குப் போனால் கிழவிகள் மண்ணை வாரித் தூற்றுவார்கள் என்று சொன்னேன். அவருக்கு மிகவும் ஆறுதலாக இருந்தது.

சனிக்கிழமை காலையில்தான் அந்தச் சம்பவம் நடந்தது. ராத்திரி மழை பெய்திருந்தது. மேல் டிவிசன் ஒற்றையடிப் பாதையில் நடை பழகப் போகிறேன் என்று ராதோமிர் முழு வேஷத்தில் கிளம்பினார். நான் இருபதடி பின்னால் நோட்டுப் புத்தகத்தோடு போனேன். அப்போது என் காலில் அட்டை ஏறிவிட்டது. ஒன்றல்ல, மூன்று. குனிந்து அவற்றோடு மல்லுக்கட்டினேன். ஒன்றைப் பிய்த்தால் அது விரலில் ஒட்டிக்கொள்கிறது. நிமிர்ந்து பார்த்தபோது, தேயிலைச் செடிகளுக்கு நடுவே இடுப்பில் சாக்குக் கட்டிய ஓர் இளைஞன், தலைத்துண்டை அவிழ்த்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, குனிந்தபடி ஒரு காகிதத்தை நீட்டுகிறான். ராதோமிர் சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்து, காகிதத்தைத் தொடையில் வைத்து, பெரிதாகக் கையெழுத்துப் போட்டு, முதுகில் தட்டிக்கொடுத்து அனுப்புகிறார். அவன் கும்பிட்டுவிட்டு ஓடினான்.

"இங்கேயும் ரசிகர்கள்" என்றார் ராதோமிர், கொஞ்சம் வெட்கத்தோடு. 'தேயிலைக் காட்டிலும் ரசிகர்' என்று நான் நோட்டில் எழுதிக்கொண்டேன். செர்பியப் படம் ஒன்றைக்கூடப் பார்த்திராத நானே நான்கு நாளைக்கு முன்னால்தான் அவர் பெயரைக் கேள்விப்பட்டேன். மேல் டிவிசன் ஆளுக்கு எப்படித் தெரியும் என்று யோசித்திருக்க வேண்டாமா? யோசிக்கவில்லை. அட்டை கடித்தது காலில் என்றாலும் புத்தியிலும் கடித்திருக்க வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை படப்பிடிப்பு இல்லை. நுவரெலியா பார்க்கப் போனோம். அந்த ஊரில் வெயில் அடிக்கிறது, சூடு இல்லை. அடுப்பில்லாமல் விளக்கு மட்டும் எரிகிற வீடு மாதிரி இருந்தது. நான் வாடகைக்கு எடுத்த கம்பளிக் கோட்டு எனக்கு முன்னால் யாரோ பெரிய மனிதருக்குத் தைத்தது. கை நுனியைக் காணோம். ஏரிக்கரையில் ராதோமிர் கோட்டில்லாமல் நடந்தார். "இது எங்கள் ஊர் வசந்தகாலம்" என்றார். சந்தையில் முட்டைக்கோசையும் லீக்ஸையும் பார்த்துவிட்டு, தம் மனைவிக்கு எழுதவேண்டும் என்று ஒவ்வொன்றின் விலையையும் கேட்டு வந்தார். திரும்பும் வழியில் எங்கள் கார் ஒரு வளைவில் நின்றுவிட்டது. பின்னால் வந்த முட்டைக்கோசு லாரிக்காரர் கயிறு கட்டி இழுத்துக்கொண்டு வந்து தலவாக்கலையில் விட்டார். இந்த மலையில் எனக்கு வாய்த்த வண்டிகள் எல்லாமே நடக்கத் தெரியாத வண்டிகள்.

திங்கட்கிழமை காலை ஆறு மணிக்குப் பெரட்டுத் தப்பு மேளம் கேட்டது. பெரட்டு என்றால் ஆட்களை வரிசையாக நிறுத்திப் பேர் கூப்பிட்டு வேலைக்கு அனுப்புவது. அன்றைக்குத் தப்புச் சத்தத்தோடு ஒரு கூச்சலும் கேட்டது. அன்றைய படப்பிடிப்புக்காக ராதோமிர் அதற்குள் துரை வேஷத்தை மாட்டியிருந்தார்; நாங்கள் இருவரும் தேநீர்க் கோப்பையோடு இறங்கிப் போனோம்.

பெரட்டுக் களத்தில், பேர் கூப்பிட்டு வேலை வாங்குகிற கணக்கப்பிள்ளை கையில் காகிதத்தை ஆட்டிக்கொண்டு நின்றார். எதிரில் சனிக்கிழமை பார்த்த அதே இளைஞன். அவன் பக்கத்தில் நிறைமாதத்துக்கு இன்னும் கொஞ்சம்தான் என்று தெரிகிற வயிறோடு ஒரு பெண். காலடியில் ஒரு தகரப் பெட்டி, ஒரு சாக்கு மூட்டை.

"தொரை கையெழுத்தைக் கள்ளமாப் போட்டிருக்கான். பொலிசுக்கு ஆள் அனுப்பப்போறாரு தொரை" என்றார் கணக்கப்பிள்ளை.

"கள்ளம் இல்லீங்க. தொரைதான் போட்டாரு. என் முன்னாலதாங்க போட்டாரு" என்றான் அந்த இளைஞன்.

நான் அவனைத் தனியே கூப்பிட்டு விசாரித்தேன். பெயர் கறுப்பையா. "எந்த ஊருங்க ஐயாவுக்கு?" என்று முதலில் என்னைக் கேட்டான். துறையூர் என்றேன். "எங்க பாட்டன் அந்தப் பக்கந்தாங்க" என்றான். அதற்குப் பிறகு அழுதுகொண்டே எல்லாவற்றையும் சொன்னான்.

கலியாணமாகி ஒரு வருஷம். மனைவி லெட்சுமி வட்டவளைப் பக்கம் குருவிக்காடு தோட்டத்தில் கொழுந்து பறிக்கிறாள். இவன் இங்கே. இந்தத் தோட்டத்தில் அவளுக்குப் பேர் பதிந்தால்தான் வேலை, அரிசி, காம்பரா எல்லாம். காம்பரா என்பது லயம் என்கிற வரிசை வீட்டில் ஒரு குடும்பத்துக்குக் கிடைக்கிற ஒற்றை அறை. காம்பரா காலி இல்லை, அதனால் பேர் பதிய முடியாது என்று கணக்கப்பிள்ளை மூன்று முறை மனுவைத் திருப்பிவிட்டார். ஒரு வருஷமாக ஞாயிற்றுக்கிழமைதோறும் பஸ் ஏறிப் போய்த்தான் பெண்டாட்டியைப் பார்க்கிறான். சனிக்கிழமை துரையே எதிரில் வரவும், துணிந்து நேராக நீட்டிவிட்டான். துரை சிரித்துக்கொண்டே கையெழுத்துப் போட்டார். அன்றைக்கே பஸ் ஏறிப் போய் அதைக் காட்டியதும் குருவிக்காட்டில் லெட்சுமியின் பேரை வெட்டிப் பத்துச்சீட்டுக் கொடுத்துவிட்டார்கள். அந்தச் சீட்டில்லாமல் ஒரு தோட்டத்து ஆளை இன்னொரு தோட்டம் எடுக்காது. கையெழுத்து யாருக்கும் படிக்க வரவில்லை. ஆனால் துரைமார் கையெழுத்து எந்தக் காலத்தில் யாருக்குப் படிக்க வந்திருக்கிறது?

"உங்க தொரையை உனக்கே அடையாளம் தெரியாதா?" என்று கேட்டேன்.

அவன் என்னை ஆச்சரியமாகப் பார்த்தான். "தொரை மொகத்தை நாங்க எங்கங்க பாக்குறது? அவரு வந்தா தலையைக் குனிஞ்சு நிப்போம். நான் சப்பாத்தைத்தாங்க பாத்தேன். அது தொரை சப்பாத்துத்தானுங்க. மூக்குல தையல் இருக்கும், லாடம் சத்தம் கேக்கும்."

இதை ராதோமிருக்கு மொழிபெயர்த்துச் சொன்னேன். என் வாழ்நாளில் இவ்வளவு கஷ்டப்பட்டு எதையும் மொழிபெயர்த்ததில்லை. அவர் கோப்பையை மதிலில் வைத்தார். தொங்கு மீசை இன்னும் தொங்கியது. "அவளால் திரும்பிப் போக முடியுமா?" என்று கேட்டார். முடியாது, அங்கே பேரை வெட்டியாயிற்று என்றேன். "அப்படியானால் இரண்டு தோட்டத்திலும் அவள் இல்லை" என்றார். பிறகு அந்த வேஷத்தோடேயே துரை பங்களாவைப் பார்த்து மலையேற ஆரம்பித்துவிட்டார். நான் மூச்சிரைக்கப் பின்னால் ஓடினேன். கணக்கப்பிள்ளை, கறுப்பையா, லெட்சுமி, தகரப் பெட்டி எல்லாம் எங்கள் பின்னால் வந்தன.

நிஜத் துரை பங்களா வாசலில் நாய்க்கு ரொட்டி போட்டுக்கொண்டிருந்தார். ஒல்லியான, அதிகம் பேசாத மனிதர். ஒரே மாதிரி உடுத்த இரண்டு துரைகள் எதிரெதிரே நின்றதைப் பார்த்து நாய்தான் முதலில் குழம்பியது.

"அது என் கையெழுத்து" என்றார் ராதோமிர்.

"ஏன் போட்டீர்கள்?"

"இருபது வருஷமாக யார் காகிதம் நீட்டினாலும் போடுகிறேன். கேட்டுவிட்டுப் போடுகிற பழக்கம் இல்லை. தப்பு என்னுடையது, பையனுடையது அல்ல."

துரை காகிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். செர்பிய எழுத்தில் பெயர். அதன் கீழே ஒரு வரி. இது என்ன என்று கேட்டார். "நீடூழி மகிழ்ச்சியாக இருங்கள் என்று எழுதினேன்" என்றார் ராதோமிர். துரைக்குச் சிரிப்பு வந்துவிட்டது. போலீசு விஷயம் அந்தச் சிரிப்போடு போயிற்று. எனக்குப் பாதி உயிர் திரும்பியது.

ஆனால் மறுபாதி திரும்பவில்லை. "பையனை ஒன்றும் செய்யமாட்டேன். ஆனால் பேர் பதிய முடியாது. காம்பரா இல்லை. அந்தப் பெண் தாய்வீட்டுக்குப் போகட்டும்" என்றார் துரை. லெட்சுமிக்கு ஆங்கிலம் தெரியாது. இருந்தாலும் புரிந்துவிட்டது, தகரப் பெட்டிமேல் உட்கார்ந்துவிட்டாள்.

"மனுவைப் படியுங்கள்" என்றார் ராதோமிர் என்னைப் பார்த்து. "நான் கையெழுத்துப் போட்டது எது என்று நானும் தெரிந்துகொள்ளவேண்டும்."

படித்தேன். யாரோ தோட்டத்துப் பள்ளிக்கூடத்து வாத்தியார் எழுதிக்கொடுத்தது. மரியாதைச் சொற்களுக்குப் பஞ்சமில்லை. நடுவில் ஒரு வரி கறுப்பையா சொன்னபடியே எழுதியிருந்தது. 'பிள்ளை பிறக்கும்போது நான் பக்கத்தில் இருக்கவேண்டும், வேறு ஒன்றும் கேட்கவில்லை.' அதை ஆங்கிலத்தில் சொல்லும்போது என் அரை ஆங்கிலம் கால் ஆங்கிலமாகக் குறைந்தது. துரை கணக்கப்பிள்ளையைத் திரும்பிப் பார்த்தார். "இது என்னிடம் வரவே இல்லையே" என்றார். கணக்கப்பிள்ளை தரையைப் பார்த்தார்.

"இருந்தாலும் காம்பரா காலி இல்லை" என்றார் துரை, கொஞ்சம் இறங்கிய குரலில்.

"ஒன்று இருக்கிறது" என்றார் ராதோமிர். "ஆறாம் லயத்தில் ஐந்தாவது கதவு. தினமும் காலையில் அங்கேதான் நான் காலுறை மாட்டுகிறேன்."

"அது ஸ்டோர். உங்கள் கம்பெனிக்கு விளக்குகள் வைக்கக் கொடுத்தேன்."

"அதில் ஓர் அடுப்பு இருக்கிறது. ஸ்டோருக்கு எதற்கு அடுப்பு?"

நாய்கூட ரொட்டியை நிறுத்திவிட்டு அவரைப் பார்த்தது. படத்தில் இப்படி ஒரு காட்சி இருந்திருந்தால் ராதோமிர் கையை ஆட்டி வசனம் பேசியிருப்பார். இங்கே வெறுமனே நின்றார். துரை அவரையும், பெட்டிமேல் உட்கார்ந்திருந்த லெட்சுமியையும் மாறி மாறிப் பார்த்தார்.

"விளக்குகளை எங்கே வைப்பீர்கள்?"

"என் அறையில். எனக்குத் தூங்க ஒரு கட்டில் போதும்."

துரை பேனாவைக் கேட்டார். ராதோமிரே தம் பேனாவைக் கொடுத்தார். 'நீடூழி மகிழ்ச்சியாக இருங்கள்' என்ற வரிக்குக் கீழே துரை ஒரு கையெழுத்துப் போட்டார். எட்டிப் பார்த்தேன். அதையும் என்னால் படிக்க முடியவில்லை.

அன்றைக்குப் படப்பிடிப்பு நடக்கவில்லை. ஆறாம் லயத்திலிருந்து விருந்தினர் பங்களா வரைக்கும் விளக்கு சுமந்தோம். ராதோமிர் இரண்டு தோளிலும் இரண்டு கம்பங்களை வைத்துக்கொண்டு, துரை வேஷத்தில், லயத்து வாசல் வழியாகப் போய்வந்தார். பெண்கள் முந்தானையால் வாயை மூடிக்கொண்டு சிரித்தார்கள். "சினிமாத் தொரைக்குக் கூலி எவ்வளவுங்க?" என்று ஒரு நடுவயசுக்காரி கேட்டாள். மொழிபெயர்த்தேன். ரொட்டியும் மிளகாயும் என்றார். அரைமணி நேரத்தில் ஏழு வீட்டிலிருந்து ரொட்டி வந்தது. டைரக்டர் பெல்கிரேடுக்குத் தந்தி அடிக்கப்போவதாகக் கத்தினார். அவருக்கும் ஒரு ரொட்டி கொடுத்தோம். தின்றுவிட்டு இன்னும் கொஞ்சம் கத்தினார்.

செவ்வாய்க்கிழமை நான் ஊர் திரும்பவேண்டும். ஆறு மணிக்குத் தப்புச் சத்தம் கேட்டதும் ராதோமிர் என்னை எழுப்பினார். விளக்குகளுக்கு நடுவே தூங்கியதில் அவர் நெற்றியில் ஒரு வீக்கம். இருவரும் பெரட்டுக் களத்தின் ஓரத்தில் போய் நின்றோம். பனி மூடிக் கிடந்தது. கூடைகளும் தலைத்துண்டுகளும்தான் தெரிந்தன. கணக்கப்பிள்ளை செக்ரோல் என்கிற பேர்ப் புத்தகத்தைப் பிரித்துப் பேர் கூப்பிட ஆரம்பித்தார். ஒவ்வொரு பேருக்கும் பனிக்குள்ளிருந்து ஒரு குரல் வந்தது. பேர்கள் போய்க்கொண்டே இருந்தன. ராதோமிருக்கு ஒரு பேரும் புரியவில்லை. ஒவ்வொன்றுக்கும் என் முகத்தைப் பார்த்தார். நான் இல்லை, இல்லை என்று தலையாட்டினேன். கணக்கப்பிள்ளை லெட்சுமி பேரை எழுத மறந்திருப்பாரோ, வேண்டுமென்றே விட்டிருப்பாரோ என்று பயந்துபோனேன்.

கணக்கப்பிள்ளை ஒரு பக்கத்தைத் திருப்பினார். தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"கறுப்பையா பெண்சாதி லெட்சுமி."

பதில் வரவில்லை. இன்னொரு தடவை கூப்பிட்டார். பனிக்குள் ஏதோ சலசலப்பு. பிறகு, அழுகையா சிரிப்பா என்று தெரியாத ஒரு குரல் சொன்னது:

"இருக்கேங்க."

நான் ராதோமிரைப் பார்த்துத் தலையாட்டினேன். என் கண்ணில் நீர் வந்தது. அதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை. அவர் தொப்பியைக் கழற்றினார். நாற்பது படத்தில் நடித்தவர், அதை எங்கே வைப்பது என்று தெரியாமல் கையில் சுற்றிக்கொண்டிருந்தார். கணக்கப்பிள்ளை அந்தப் பேருக்கு நேரே கோடு போட்டுவிட்டு அடுத்த பேரைக் கூப்பிட்டார்.